மேஜைத் துணி விக்கப் போற மாப்பிள்ளைக்கு

வா மாப்ளே, உக்காரு. டிக்கெட் எடுத்துட்டியாமா? எங்கெ, காட்டு பாக்கலாம். ஞாயித்துக்கெழமை ராத்திரி வலென்சியாவுல எறங்கறே. திங்கக்கெழமை மூணு மீட்டிங். செவ்வாக்கெழமை ரெண்டு. புதங்கெழமை வெடியால மறுபடியும் ஏரோப்ளேன். அட சாமி! குளித்தலைச் சந்தைக்கு வாழைத்தாரு ஏத்திட்டுப் போறவன்கூட இத்தனை அவசரமாத் திரும்பமாட்டான். அவனாவது ஒரு டீயைக் குடிச்சுட்டு, நாலு நாயம் பேசிட்டுத்தான் வண்டி ஏறுவான்.

அதென்ன பையி? தொற. ரெடிமேட் உப்புமா எட்டுப் பொட்டலம். புளிக்காய்ச்சல் ஒரு பாட்டில். பருப்புப்பொடி, ரஸ்க்கு. கெட்டில் வேறயா? பஞ்சம் பொழைக்கப் போறவன் கணக்கா எல்லாம் தயாரா இருக்குது. ரூமுக் கதவைச் சாத்திக்கிட்டு உப்புமாக் கிண்டித் தின்னுட்டு, வாயைத் தொடைச்சுட்டு, பையர் முன்னால போயி நம்ம டேபிள் கிளாத் மாதிரி உலகத்துல கெடையாதுன்னு அளக்கப் போறே. அப்பிடித்தான?

நாம என்ன மாப்ளே விக்கறோம், ராக்கெட்டா? டேபிள் கிளாத்து, நாப்கின், ஏப்ரன், கிச்சன் டவலு. அத்தனையும் அடுத்தவன் சோறு திங்கற எடத்துல கெடக்கற துணி. அவன் எப்பிடித் திங்கறான், எங்கெ சிந்தறான், எதைக் கொண்டு தொடைக்கறான்னு பாக்காம அவனுக்கே மேஜை விரிப்பு விக்கறது, பொண்ணே பாக்காதவன் மாமியாகிட்ட நடந்துக்கற வெதத்தைப் பத்திப் பாடம் எடுக்கற மாதிரி.

"போங்க மாமா, வேலைக்குப் போற எடத்துல சாப்பாட்டு நாயம் எதுக்குங்க"ன்னு சிரிக்கறே. சிரி. மொதல் தடவை நானும் உன்ற மாதிரியே விறைச்சுக்கிட்டுத்தான் போனேன். எறங்குன அன்னைக்குச் சாயங்காலம் ஏழு மணிக்குப் பசி வந்துருச்சு. ஓட்டல்ல போயி உக்காந்தா, மேஜை தொடைச்சுட்டு இருந்த பையன் பேயைப் பாத்த மாதிரி பாக்கறான். அடுப்பே இன்னும் பத்த வெக்கலையாமா. ராச்சோறு அங்கெ ஒம்பது மணிக்கு மேலதான். பத்துன்னாலும் ஒருத்தரும் கேக்கமாட்டாங்க. மத்தியானச் சோறு ரெண்டு, ரெண்டரை.

அதுக்கும் ஒரு கதை இருக்குது. உலகத்துக்கே மணி சொல்ற கிரீன்விச் கோடு வலென்சியாவுக்குப் பக்கத்துலதான் போகுது. நாயமாப் பாத்தா லண்டன் மணிதான் அவனுக்கும். 1940ல, ஃபிராங்கோ ஆட்சியில, முள்ளை ஒரு மணி நேரம் முன்னால தள்ளி பெர்லின் மணிக்கு வெச்சுட்டாங்க. சண்டை முடிஞ்சுது. பெர்லின்ல ஆட்சி மாறுச்சு. ஃபிராங்கோவும் 1975ல போயிச் சேந்துட்டாரு. முள்ளை மட்டும் ஒருத்தரும் திருப்பி வெக்கலெ. வகுறு கடிகாரத்தைப் பாத்தா பசிக்குது? சூரியனைப் பாத்துத்தான பசிக்குது! வெயில் காலத்துல இன்னொரு மணி நேரமும் தள்ளிருவாங்க. ஜூன் மாசம் பொழுது எறங்கறதே ராத்திரி ஒம்பதரைக்கு. அதுக்கு முன்னால எவன் ராச்சோறு திம்பான்?

உன்ற பட்டியல்ல திங்கக்கெழமை பத்தரைக்கு ஒரு மீட்டிங் போட்டிருக்கறே பாரு, அது ஆபீஸ்ல நடக்காது. அந்நேரத்துக்கு வலென்சியாக்காரன் எஸ்மொர்ஸாரெட்டுக்குப் போயிருப்பான். வெடியால வெறுங்காப்பியைக் குடிச்சுட்டு ஓடி வந்தவன் முன்பகல்ல சாவகாசமா உக்காந்து திங்கற பலகாரம் அது. பலகாரம்னா இட்டிலி ரெண்டு இல்லெ. கைநீள ரொட்டியைப் பொளந்து, உள்ள முட்டையோ கறியோ உருளைக்கெழங்கோ திணிச்சுக் கொண்டாருவாங்க. அதுக்கும் முன்னால மேஜைக்கு வர்றது என்ன தெரியிமா? தொலியோட வறுத்த நெலக்கடலை! பக்கத்துல ஆலிவ் காய். கடலையை ஒடைச்சு ஒடைச்சு வாயில போட்டுக்கிட்டு தொலியை மேஜை மேலயே குமிக்கறாங்க. எனக்கு வெள்ளியணைக் காட்டுல களத்து மேட்டுல உக்காந்திருக்கற மாதிரியே இருந்துச்சு. கடைசியில சின்னக் கிளாஸ்ல கிரெமாயெட்னு ஒரு காப்பி. ரம்மை ஊத்தி, பட்டையும் எலுமிச்சைத் தோலும் போட்டுக் கொளுத்தி, அது மேல காப்பியை எறக்கித் தருவாங்க. காலம்பற பதினோரு மணிக்கு! உங்க அத்தைகிட்ட இதையெல்லாம் சொல்லி வெக்காதே.

ரம்முன்னதும் நெனப்பு வருது. அங்கெ 'அகுவா தெ வலென்சியா'ன்னு பட்டியல்ல ஒண்ணு போட்டிருப்பாங்க. அகுவான்னாத் தண்ணின்னு அதுக்குள்ள நான் படிச்சு வெச்சிருந்தேன். வலென்சியாத் தண்ணி, சரி, ஊருத் தண்ணியைக் குடிச்சாத்தான் ஒடம்பு பழகும்னு தெகிரியமா ஒரு ஜக்கு கேட்டேன். மஞ்சளா வந்துச்சு. ஆரஞ்சுச் சாறுன்னு நெனச்சு மடமடன்னு குடிச்சேன். ஆரஞ்சுச் சாறுதான், இல்லைங்கலெ. கூட கவான்னு நொரைக்கற ஒயினு, வோட்கா, ஜின்னு. 1959ல ஒரு காப்பிக்கடைக்காரரு கண்டுபுடிச்சதாமா. அன்னைக்குச் சாயங்காலம் பையர்கிட்ட நான் சொன்ன வெலைக்கு இன்னைக்கு வரைக்கும் என்னால கணக்குச் சொல்ல முடியலெ.

இப்பச் சொல்லப் போறதுதான் சங்கதி, காதைக் குடு. ஒரு பையரு, பேரு எதுக்கு. நம்ம துணி சாயம் போகுதுன்னு ஆறு மாசமா மெயில் மேல மெயில். இங்கெ லேபுல குடுத்துப் பாத்தா சோப்புல தொவைச்சாலும் பாஸ், வெயில்ல காயப்போட்டாலும் பாஸ். நான் ரிப்போர்ட் அனுப்பறேன், அவரு வெளுத்த துணியைப் படம் புடிச்சு அனுப்பறாரு. நேர்ல போயும் ரெண்டு நாளு ஆபீஸ்ல உக்காந்து மல்லுக்கட்டுனதுதான் மிச்சம். மனுசன் சலிச்சுப் போயி, "ஞாயித்துக்கெழமை எங்க தோட்டத்து ஊட்டுக்கு வாங்க, பயேயா போடறோம்"னாரு. வேண்டா வெறுப்பாத்தான் போனேன்.

அங்கெ போயிப் பாத்தா, லட்சாதிபதி மனுசன் அரைக்கால் சட்டையோட ஆரஞ்சு மரத்து வெறகை அடுக்கிப் பத்த வெச்சுட்டு நிக்கறாரு. வெறகு அடுப்பு மேல வண்டிச் சக்கரம் அகலத்துக்கு ஒரு தட்டைச் சட்டி, ஒசரம் நாலு வெரக்கடைகூட இருக்காது. பயேயாங்கற பேரே அந்தச் சட்டிக்குத்தான். சோத்துக்கு அப்பறமா ஒட்டுனது. ஆலிவ் எண்ணெயில கோழியையும் முயலையும் போட்டுப் பொன்னாட்டம் வறுத்தாரு. பட்டைப் பச்சை பீன்ஸு, நம்ம டபுள் பீன்ஸு சாதியில அவங்கூரு கர்ரோஃபோ, தக்காளி. தண்ணி ஊத்திக் கொதிக்கவிட்டு, குங்குமப்பூ, உப்பு, அரிசி. மொத்தம் பத்து ஐட்டம், முடிஞ்சுது. எறால், நண்டு போட்டதெல்லாம் வேற சோறு, வேற பேரு. பயேயாவை 2021ல அவங்க மாகாணத்துல கலாச்சாரச் சொத்துன்னே அறிவிச்சு வெச்சிருக்கறாங்க. 2016ல இங்கிலாந்து சமையல்காரரு ஜேமி ஆலிவர் அதுல சொரிசோங்கற பன்னிக் கறித் தொத்திறைச்சியைப் போட்டுட்டாருன்னு ஊரே தெரண்டு வைய ஆரம்பிச்சுருச்சு. ஆம்பூர் பிரியாணியில உருளைக்கெழங்கைப் போட்டுட்டு ஆம்பூருக்கே போயி நின்னு பாரு, அப்பிடி. அதனால கண்ணு, பையர் ஊட்டுல "கொஞ்சம் பச்சமொளகா கெடைக்குங்களா"ன்னு மட்டும் வாயைத் தொறந்துராதே.

அரிசி விழுந்ததுக்கப்பறம் ஒருத்தரும் கரண்டி போடக் கூடாது. கிண்டுனாப் பாவம். நமக்குக் கை நமநமங்குது. நான் கரண்டியைத் தேடறதைப் பாத்து அவங்கம்மா, எம்பது வயசு இருக்கும், என்ற கையைப் புடிச்சு ஓரமா உக்கார வெச்சுட்டாங்க. தண்ணி சுண்டி, அடியில சடசடன்னு பொரியற சத்தம் கேக்கும். அதைக் காதை வெச்சுக் கேட்டு, காந்தல் புடிக்கற பக்குவம் பாத்து எறக்கறாங்க. காந்தல்னா தப்பு இல்லெ, அதான் பரிசு! சொக்காரட்னு அதுக்குத் தனிப் பேரு. எங்காத்தா அரிசிம்பருப்புச் சோத்துப் போசியில அடிப்புடிச்சதைச் சொரண்டி எனக்கு மட்டும் ஒளிச்சுத் தருவா. அஞ்சாயிரம் மைலு பறந்து போயி அதே ருசியைத் தின்னேன் போ.

தட்டு கெடையாது. சட்டியைச் சுத்தி எட்டுப் பேரு, ஆளுக்கொரு மரக்கரண்டி. உனக்கு முன்னால இருக்கற முக்கோணம் உன்றது. வரப்பைத் தாண்டி அடுத்தவன் பக்கம் கரண்டி போனா நாயம் கெட்டுப் போகும். எல்லாம் நல்லாத்தான் தின்னோம். ஆனா குனிஞ்சு தின்னு நிமிந்து பாக்கறேன், சட்டியைச் சுத்தி நம்ம கரூர் துணி. நான் நெஞ்ச துணி! அது மேல மஞ்சள் மஞ்சளா குங்குமப்பூவும் எண்ணெயும் சொட்டி, சோறு ஒட்டி, ஒயின் கிளாஸ் வட்டம் வட்டமா முத்திரை குத்தி, வரைபடமாட்டம் கெடக்குது.

சாப்புட்டு எந்திரிச்சதும் அந்தம்மா விரிப்பைச் சுருட்டி எடுத்துட்டுப் பொடக்காலிப் பக்கம் போனாங்க. நானும் கை கழுவற சாக்குல பின்னாலயே போனேன். ஒரு நீல பக்கெட்டு. அதுல தண்ணி. மஞ்சள் பாட்டில்ல இருந்து கொளுகொளுன்னு எதையோ ஊத்துனாங்க. வாசம் மூக்குல ஏறுது. லெஹியாங்கறாங்க, நம்ம பிளீச்சு! துணியை அதுல முக்கி, கையில ஒரு தட்டுத் தட்டி, ராத்திரிக்கு ஊறட்டும்னு மூடி வெச்சுட்டு வந்துட்டாங்க. தரையா, தொட்டியா, துணியா, எல்லாத்துக்கும் அதுதான் மருந்து அந்த ஊருல. நாங்க போட்டிருந்தது ரியாக்டிவ் சாயம். சோப்புக்குத் தாங்கும், குளோரினுக்குத் தாங்குமா? ஆறு மாசத்துச் சண்டைக்கு அந்த நீல பக்கெட்டுக்குள்ள பதிலு ஊறிட்டு இருக்குது! திரும்பி வந்து அந்த ஐட்டத்தை மட்டும் குளோரினைத் தாங்கற வேட் சாயத்துக்கு மாத்துனேன். மீட்டருக்குக் கொஞ்சம் எச்சாத்தான் ஆச்சு. அதுக்கப்பறம் மெயிலே வரலெ, ஆர்டர்தான் வந்துச்சு. உப்புமாத் தின்னுட்டு ரூமுல இருந்திருந்தா எனக்கு அந்த பக்கெட்டு எப்பிடித் தெரியும், சொல்லு?

இன்னொண்ணு. தின்னு முடிச்சதும் நீ எந்திரிச்சு "நான் வரட்டுங்களா"ன்னு கெளம்புவே. அதுதான் அங்கெ நெம்பக் கெட்ட பழக்கம். எலையை மடக்குனதும் கைகழுவப் போற சாதி நாம. அவங்க தின்ன எடத்துலயே இன்னும் ரெண்டு மணி நேரம் ஒக்காந்து பேசுவாங்க. பையனோட படிப்பு, புட்பால், மழை, கடைசியில எப்பவோ ஒரு பக்கம் வெலை. அந்த நேரத்துக்குச் சொப்ரெமேசான்னு பேரு. மேசான்னாலே நம்ம மேஜைதான். அவங்க அகராதியில அந்தச் சொல்லுக்கு இன்னொரு பழைய அர்த்தமும் போட்டிருக்குது: மேஜை மேல விரிக்கற விரிப்பு! பாத்துக்கோ. நாம விக்கற சரக்கும் அதுதான், யாவாரம் படியற நேரமும் அதுதான்.

செவ்வாக்கெழமை கவுச்சி தொடமாட்டியே, அதுக்கும் ஒரு எச்சரிக்கை. 'வெஹெத்தால்'னு பேரு போட்ட சாண்ட்விச்சைப் பாத்து, அட காய்கறின்னு நம்பிக் கடிச்சீன்னா உள்ள முட்டையும் சூரை மீனும் இருக்கும். கறி வேண்டாம்னாக் கறியை மட்டும்தான் எடுப்பாங்க; ஹாம்ங்கற பன்னித் தொடை அவங்களுக்குக் கறிக் கணக்குல வருதாங்கறது சந்தேகம்தான். சுட்ட கத்திரிக்காயும் குடைமொளகாயும் சேத்து எஸ்கலிவாதான்னு ஒண்ணு தருவாங்க, அதைக் கேளு. தப்பிச்சுக்கலாம்.

டிக்கெட்டைப் புதங்கெழமைல இருந்து வெள்ளிக்கெழமைக்கு மாத்து. ஏன்னா வியாழக்கெழமை மத்தியானம் பன்னண்டு மணிக்கு வலென்சியாப் பெரிய கோயில்ல அப்போஸ்தலர் வாசல்ல தண்ணி நீதிமன்றம் கூடும். எட்டு வாய்க்காலுக்கு எட்டு நீதிபதி, கறுப்பு அங்கி போட்டு வட்டமா உக்காருவாங்க. வக்கீலுன்னு நெனைக்காதே, அத்தனை பேரும் வெவசாயிங்க, பாசனக்காரங்களே தேர்ந்தெடுத்தவங்க. வாய்க்கால் வாய்க்காலாப் பேரு சொல்லி, புகார் உண்டான்னு சத்தமாக் கூப்புடுவாரு ஒருத்தரு. எழுத்து இல்லெ, காயிதம் இல்லெ. எதிரும் புதிரும் வாயிலயே சொல்றாங்க, அப்பவே தீர்ப்பு. உன்ற வாய்க்கால் வழக்குன்னா உன்ற வாய்க்கால் நீதிபதி தீர்ப்புல கலந்துக்க முடியாது. ஆயிரம் வருசத்துப் பழக்கம்னு சொல்றாங்க. 2009ல யுனெஸ்கோவும் பட்டியல்ல சேத்துருச்சு. நான் போன அன்னைக்கு ஒரு புகாரும் இல்லெ. பத்து நிமிசத்துல எந்திரிச்சுப் போயிட்டாங்க. எனக்குக் கண்ணுல தண்ணி வந்துருச்சு. ராஜவாய்க்கால் மடைத் தகராறுக்கு எங்கப்பாரு போட்ட கேஸுல எனக்கு இன்னும் வாய்தா வந்துட்டு இருக்குதே மாப்ளே!

அந்தத் தண்ணியில என்ன வெளையுதுன்னு பாக்கத் தெக்கெ பத்துக் கிலோமீட்டர் போனா அல்புஃபேரா ஏரி. சுத்தியும் நெல்லு வயலு. நெல்லைக் கொண்டாந்தது அராபியங்க; அர்ரோஸ்ங்கற பேரும் அரபுல இருந்து வந்ததுதான். பயேயாவுக்குப் பேர் போனது பாம்பாங்கற குண்டரிசி. ரசத்தையெல்லாம் குடிச்சுட்டும் வெடிக்காம நிக்கும், நம்ம ஊரு கவுன்சிலரு மாதிரி. ஏரிக்கரை ஊரு எல் பால்மார்ல விலாங்கு மீனுல பூண்டுக் கொழம்பு வெப்பாங்க. தைரியம் இருந்தாத் தின்னு பாரு.

வடக்கெ அல்போராயா. அங்கெ கண்டதைச் சொன்னா நம்ம ஊருல ஒருத்தரும் நம்பமாட்டேங்கறாங்க. நாம வருசமெல்லாம் முதுகு ஒடியப் புடுங்கற கோரை இருக்குதே, அதோட பங்காளிக் கோரையை அவன் உழுது, பாத்தி கட்டி, தண்ணி பாய்ச்சி வளக்கறான்! சூஃபான்னு பேரு. கெழங்கைத் தோண்டிக் காய வெச்சு, ஊற வெச்சு ஆட்டி, சக்கரை போட்டு, ஓர்சாத்தான்னு வெள்ளைப் பாலா ஐஸோட ஊத்தித் தர்றான். நீள பன்னை அதுல முக்கித் திங்கறாங்க. நெம்பவே நல்லாத்தான் இருந்துச்சு. ஆனாக் குடிக்கறப்பல்லாம் எங்காத்தா களைக்கொத்தோட முன்னால வந்து நிக்கறா.

சந்தைக்குப் போறதுன்னா 1928ல தொறந்த மெர்காத் சென்ட்ரால். மூணு மணிக்குச் சாத்திருவான். எதுத்தாப்புலயே லொன்ஹா, பட்டு யாவாரத்துக்குக் கட்டுன மண்டபம், 1482ல ஆரம்பிச்சது. முறுக்குப் புழிஞ்ச மாதிரி தூணு. சுவத்தைச் சுத்தி லத்தீன்ல எழுதி வெச்சிருக்கறாங்க: பொய் சொல்லாம, வட்டிக்குக் குடுக்காம யாவாரம் பண்றவன் இந்த உலகத்துலயும் நல்லா இருப்பான், மேலயும் நல்லா இருப்பான்னு. நம்மூரு பைனான்ஸ்காரரு ஒருத்தரைக் கூட்டிட்டுப் போயி நிறுத்திப் படிச்சுக் காட்டோணும்னு எனக்கு ஒரு ஆசை.

மாசம் பாத்துப் போறியான்னா அதுவும் இல்லெ. ஆகஸ்டுல போனீன்னா ஆபீஸ்ல வாட்ச்மேன்தான் இருப்பான். ஊரே கடலுக்குள்ள கெடக்கும். அதே மாசக் கடைசிப் புதங்கெழமை புன்யோல்ங்கற ஊருல ஒருத்தரை ஒருத்தரு தக்காளியால அடிச்சுக்குவாங்க. வெலை இல்லாம நாம ஒட்டன்சத்திரத்து ரோட்டுல கொட்டறோம், அவன் காசு வாங்கிக்கிட்டு அடிக்க விடறான். மார்ச்சு மாசம்னா ஃபாயாஸ் நோம்பி. தெனமும் ரெண்டு மணிக்கு முனிசிபால்டி மைதானத்துல வெடி. காது கொஞ்ச நேரம் கேக்காது. அரசியல்வாதியைக் கேலி பண்ணி மூணு மாடி ஒசரம் பொம்மை செஞ்சு வெச்சு, 19ந் தேதி ராத்திரி கொளுத்திருவாங்க. இங்கெ பண்ணிப் பாரேன்.

வெளையாட்டை விட்டுட்டு ஒண்ணு சொல்றேன். 2024 அக்டோபர் 29ந் தேதி வலென்சியாவுக்குத் தெக்குப் பக்கத்துல வெள்ளம் வந்து எரநூறு பேருக்கு மேல போயிட்டாங்க. உன்ற பையருகள்ல யாருக்காவது சொந்தபந்தம் அங்கெ இருந்திருக்கும். சாம்பிள் பையைத் தொறக்கறதுக்கு முன்னால அதை ஒரு வார்த்தை விசாரி. பதில் சொல்லட்டும், நீ குறுக்கெ பேசாதே.

ஆமா, அப்பறம் முத்தம். மொதல் தடவை கை குலுக்கறதோட சரி. மூணாவது சாப்பாட்டுக்கு மேல பழகிருச்சுன்னா, பொம்பளைங்க கன்னத்தோட கன்னம் வெச்சு இந்தப் பக்கம் ஒண்ணு, அந்தப் பக்கம் ஒண்ணு சத்தம் குடுப்பாங்க. சத்தம் மட்டும்தான். நீ பாட்டுக்குக் கண்ணை மூடிக்கிட்டு நிக்காதே, மூக்குல இடிச்சுக்குவே. இதைப் போட்டோ எடுத்து ஊட்டுக்கு அனுப்பாதே.

என்ன, போன்ல டிக்கெட்டை மாத்திட்டியா? வெள்ளிக்கெழமைதான? பலே. இப்பப் பையில இருந்து உப்புமாவை எடுத்துட்டா எடம் ஆயிரும், அதுல ரெண்டு நல்ல விரிப்பு மடிச்சு வெய்யி. பையர்ங்க ஊட்டுக்கு வெறுங்கையோட போகாதே. அவங்கம்மாகிட்டக் குடு. குடுத்துட்டு, சாப்புட்டு முடிச்சதும் பொடக்காலிப் பக்கம் ஒரு எட்டுப் போயிட்டு வா.

அந்த உப்புமாப் பொட்டலத்தை மட்டும் இங்கெ வெச்சுட்டுப் போ. எட்டும் இருக்கட்டும். புளிக்காய்ச்சலையும் வெய்யி. உங்க அத்தை நாளைக்குக் காங்கேயம் போறா, மக ஊட்டுக்கு. வர ஒரு வாரம் ஆகும். எனக்கு அடுப்புப் பத்த வெக்கவே தெரியாது. கெட்டில் எப்பிடிப் போடறதுன்னு சித்தெ காட்டிட்டுப் போ கண்ணு.